முன்வரிசைக்காரனின் அக்கா

எங்கள் வீட்டில் இரண்டு பேருக்கு ஒரே மாதிரியான உடம்பு. அகலமான தோள், தடித்த தொடை, பெரிய பாதம். அப்பாவும் அம்மாவும் மெலிந்தவர்கள். இந்த உடம்பு எங்கிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியாது. எனக்கு வந்தபோது அதைக் குறை என்றார்கள். ஐந்து வயது இளையவனான என் தம்பிக்கு வந்தபோது முதலில் சிரித்தார்கள், பிறகு அதிர்ஷ்டம் என்றார்கள். அவன் அந்த உடம்பைக் கொண்டுபோய் அமெரிக்காவில் தொழில் செய்தான். நான் அதை வைத்துக்கொண்டு டென்மார்க்கில், பிரெடெரிசியா என்ற ஊரில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்கிறேன்.

அவனைப் பற்றி எழுதும்படி சிலர் கேட்டிருக்கிறார்கள். டென்மார்க்கிலிருந்து போன தமிழ்ப் பொடியன், அமெரிக்கக் கால்பந்தில் சம்பளத்துக்கு விளையாடியவன் என்று. எழுதுவதென்றால் எனக்கு அவன் மேல் இருந்த பொறாமையைச் சொல்லாமல் எழுத முடியாது. அது இல்லாமல் அவனுடைய கதை எனக்குத் தெரியாது.

என்னுடையதிலிருந்து தொடங்குகிறேன். எனக்கு நாலு வயதாக இருந்தபோது யாழ்ப்பாணத்திலிருந்து டென்மார்க்கின் ஹோர்சன்ஸ் நகரத்துக்கு வந்தோம். தம்பி இங்கேதான் பிறந்தான். பத்து வயதிலிருந்து நான் பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்திலிருந்த விளையாட்டு ஹாலில், பந்தைக் கையால் எறிந்து கோல் போடுகிற ஹேண்ட்பால் விளையாடினேன். கோலுக்கு முன்னால், எதிரணிக்காரிகளுக்கு நடுவே நின்று இடித்து இடம் பிடிக்கிற இடம் எனக்கு. மெலிந்த பிள்ளைகளுக்கு அது சரிவராது. அந்த ஒரு மணித்தியாலம் மட்டும் என் உடம்பைப் பற்றி யாரும் முகம் சுளிக்கவில்லை. பந்து என் கைக்கு வந்தால் இரண்டு பிள்ளைகளை முதுகில் சுமந்துகொண்டு திரும்பி எறிவேன்.

பதினாலு வயதில் என்னை மாவட்ட அணிக்குக் கேட்டார்கள். வார விடுமுறைகளில் வேறு ஊர்களுக்குப் போய், பள்ளிக்கூட மண்டபங்களில் மெத்தை விரித்துப் படுத்து விளையாட வேண்டும். பெற்றோரின் கையெழுத்து வேண்டும். பயிற்சியாளர் பெண் நேரே வீட்டுக்கு வந்தாள். அப்பா அவளுக்குத் தேத்தண்ணி கொடுத்தார், பிஸ்கட் கொடுத்தார், அவள் சொன்னதையெல்லாம் தலையாட்டிக் கேட்டார். அவள் போன பிறகு, அவள் கொடுத்த கடதாசியை மடித்து மேசை லாச்சிக்குள் வைத்தார். அடுத்த வாரம் எனக்குத் தெரிந்தது, அவர் கையெழுத்துப் போடவில்லை. குட்டைக் காற்சட்டையும் வெளியூரில் இரவுத் தங்கலும் அவருக்குச் சரிவரவில்லை. அதைக்கூட அவர் வாயால் சொல்லவில்லை, அம்மாதான் சொன்னா. நான் ஹாலுக்குப் போவதை மெல்ல மெல்ல நிறுத்தினேன். யாரும் ஏன் என்று கேட்கவில்லை.

ஆறு வருடம் கழித்து, தம்பிக்குப் பதினைந்து வயதானபோது, அவனுடைய வகுப்புத் தோழன் ஒருவனின் தகப்பன் அவனைப் பக்கத்து ஊர் அமெரிக்கக் கால்பந்துக் கழகத்துக்குக் கூட்டிப்போனார். அந்த வயதிலேயே அவன் நூற்றுப் பத்துக் கிலோ. உதைபந்தாட்டத்தில் கோலுக்குள் நிறுத்தி வைப்பார்கள், ஓடச் சொன்னால் மூச்சு வாங்குவான். இந்த விளையாட்டிலோ அவனைக் கண்டதும் இருவர் கைதட்டினார்களாம். அவன் கொண்டுவந்த கடதாசியிலும் பெற்றோரின் கையெழுத்து கேட்டிருந்தது. வெளியூர்ப் பயணம், தங்கல், காயம் பட்டால் என்ன செய்வது, எல்லாம் அதில் இருந்தன. அப்பா வேலைக்குப் போகிற அவசரத்தில் சுவரில் வைத்துக் கையெழுத்துப் போட்டார். வாசிக்கவே இல்லை. நான் வாசலில் சப்பாத்து அடுக்குகிற ராக்கைக்குப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவனை நிறுத்திய இடம் தாக்கும் அணியின் முன்வரிசை. ஐந்து பேர் தோளோடு தோளாக நிற்பார்கள். அவர்களுக்குப் பின்னால் பந்தை எறிகிறவன் நிற்பான். அவனை எதிரணி வந்து விழுத்தாமல் இந்த ஐந்து பேரும் மறித்துத் தள்ள வேண்டும். அவ்வளவுதான் வேலை. பந்தைத் தொடுவதில்லை, புள்ளி எடுப்பதில்லை. பந்தை எறிகிறவனையும் பிடிக்கிறவனையும் ஊர் அறியும். முன்வரிசைக்காரன் பிழை விட்டால் மட்டும் நடுவர் அவனுடைய இலக்கத்தை ஒலிபெருக்கியில் சொல்வார்.

வீட்டில் சாப்பாட்டு மேசை மாறியது. பயிற்சியாளர் அவனை இன்னும் நிறை கூடச் சொன்னாராம். அம்மா அவனுக்குச் சோறு போட்டு, அதன் மேல் இறைச்சி போட்டு, பக்கத்தில் நாலு அவித்த முட்டையும் வைப்பா. அதே அகப்பை என் பக்கம் வரும்போது பாதியில் நிற்கும்.

"உனக்குக் காணும் பிள்ளை," என்பா. "நாளைக்கு ஒரு இடத்திலை கலியாணம் கேட்டு வந்தால் என்னெண்டு காட்டுறது."

எனக்கு அப்போது இருபது வயது. முதியோர் பராமரிப்புப் படிப்பில் இருந்தேன். எண்பத்தெட்டுக் கிலோ. தம்பி என் முகத்தைப் பார்ப்பான், தன் சாப்பாட்டுக் கோப்பையிலிருந்து ஒரு முட்டையை என் பக்கம் தள்ளுவான். நான் எடுக்க மாட்டேன். அவன் நல்லவனாக இருந்ததும் எனக்கு எரிச்சலாக இருந்தது.

அவனுக்குப் பயிற்சி செய்ய எதிரில் ஓர் ஆள் வேண்டும். மாடிக் குடியிருப்புக்குப் பின்னால் உடுப்புக் காயப்போடும் புல்தரையில், கழகத்திலிருந்து கொண்டுவந்த தடித்த தள்ளு மெத்தையை நான் பிடித்துக்கொண்டு நிற்பேன். அவன் ஒரு கையை நிலத்தில் ஊன்றிக் குனிந்து நின்று, எழும்பி வந்து இடிப்பான். இடுப்பைத் தாழ்த்து, பாதத்தைச் சின்னச் சின்னதாக எடுத்து வை, கையை எதிராளியின் நெஞ்சுக்குள் கொடு என்று தனக்குத் தானே சொல்லிக்கொள்வான். கேட்டுக் கேட்டு எனக்கும் பாடமாகிவிட்டது. ஒருநாள் இடம் மாறினோம். அவன் மெத்தையைப் பிடித்தான், நான் குனிந்தேன். எழும்பிப் போய் இடித்தபோது அவன் உடுப்புக் கொடிக் கம்பத்தோடு போய்ச் சாய்ந்தான். விழுந்து கிடந்தபடியே சிரித்தான். என்னுடைய பாதம் தன்னுடையதை விட வேகம் என்று டேனிஷில் சொன்னான். அன்று பின்னேரம் அதை அம்மாவிடமும் பெருமையாகச் சொன்னான். அடுத்த நாள் அம்மா என்னிடம் வந்து, இனிக் கீழே போக வேண்டாம், சனம் யன்னலுக்குள்ளால் பார்க்கிறது என்றா. அதன் பிறகு அவன் அந்த மெத்தையை ஒரு மரத்தில் கட்டிவைத்து இடித்தான். நான் சமையலறை யன்னலில் நின்று பார்த்தேன். அவனுடைய இடது பாதம் எப்போதும் கொஞ்சம் பிந்தி வரும். அதை நான் அவனுக்குச் சொல்லவில்லை.

பத்தொன்பது வயதில் அவனுக்கு அமெரிக்காவிலிருந்து ஒரு கல்லூரி உதவிப்பணத்தோடு இடம் கொடுத்தது. கழகத்தார் அனுப்பிய வீடியோவைப் பார்த்துக் கொடுத்தது. விமான நிலையத்தில் அப்பா அவனைக் கட்டிப்பிடித்து அழுதார். நான் அவனுடைய பெட்டியின் நிறையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அழ வேண்டும் என்று இருந்தது. ஆனால் அது வேறு காரணத்துக்காக வரப்பார்த்தது.

முதல் குளிர்காலத்தில் ஒரு ஞாயிறு மத்தியானம் அவன் எனக்கு மட்டும் அழைப்பெடுத்தான். எங்கள் இருவருக்கும் இடையில் டேனிஷ்தான் ஓடும். அன்று அவன் தமிழில் கதைத்தான், வீட்டு நினைவு வந்தபடியாலோ என்னவோ. அங்கே எல்லாரும் தன்னைவிடப் பலசாலிகள், பயிற்சியாளர் ஒவ்வொரு நாளும் எல்லாருக்கும் முன்னால் தன் வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பிழை காட்டுகிறார், இரவில் நித்திரை இல்லை என்றான். பிறகு கேட்டான்.

"அக்கா, நான் வரட்டே?"

நான் உடனே சொன்னேன். "வா. உனக்கு அது சரிவராது. வீட்டுக்கு வா."

கனிவான குரலில்தான் சொன்னேன். பக்கத்தில் இருந்து கேட்டிருந்தால் எவரும் அக்காவின் பாசம் என்றுதான் நினைத்திருப்பார்கள். ஆனால் அந்த நேரத்தில் என் மனதுக்குள் ஓடியது என்னவென்று எனக்குத் தெரியும். அவன் பெட்டியோடு வந்து இறங்குகிறான். அம்மாவின் அகப்பை அவனுக்கும் பாதியில் நிற்கிறது. நாங்கள் இருவரும் மறுபடி ஒரே மாதிரி ஆகிறோம். தொலைபேசியை வைத்த பிறகு நான் அவனுடைய அறையைக் கூட்டித் துடைத்தேன்.

அவன் வரவில்லை. அங்கேயே நின்றான். மூன்றாம் வருடத்தில் அவன்தான் அந்த அணி முன்வரிசையின் இடது பக்கக் காவல்காரன். ஐந்தாம் வருடம் முடிய, தொழில் அணிகள் கல்லூரி விளையாட்டுக்காரரைத் தெரிவு செய்கிற நாள் வந்தது. எந்த அணியும் அவன் பெயரைச் சொல்லவில்லை. அன்று எனக்கு வேலையில் உற்சாகம். மூன்று நாள் கழித்து ஓர் அணி அவனைப் பயிற்சிக் குழுவுக்கு எடுத்தது. சேர்ந்து பயிற்சி செய்யலாம், சம்பளம் உண்டு, போட்டியன்று சீருடை கிடையாது. அப்பா ஊரெல்லாம் தொலைபேசி எடுத்துச் சொன்னார். போட்டியில் நிற்க மாட்டான் என்பதை நான் மட்டும் திரும்பத் திரும்ப எடுத்துச் சொன்னேன்.

அடுத்த வருடம் அவனுக்கு முன்னாலிருந்த ஒருவன் முழங்கால் முறிந்து விழ, இவன் உள்ளே போனான். ஞாயிற்றுக்கிழமைகளில் இங்கே பின்னேரம் ஏழு மணிக்கு விளையாட்டுத் தொடங்கும். நாங்கள் மூவரும் வரவேற்பறையில் இருப்போம். கமரா பந்தின் பின்னால் ஓடும். அம்மா, "எங்கை அவன், எங்கை அவன்" என்று கேட்டுக்கொண்டிருப்பா. பந்து எறிபட்ட கணத்திலேயே தம்பி திரையிலிருந்து மறைந்துவிடுவான். பந்தைப் பார்க்காமல் அவனைப் பார்க்க அந்த வீட்டில் எனக்கு மட்டும்தான் தெரியும். அவன் யாரை மறிக்கப் போகிறான், யாரைப் பக்கத்து ஆளுக்கு விட்டுக்கொடுக்கப் போகிறான் என்பது எனக்கு அவன் நகரும் முன்பே விளங்கும். சரியாகச் செய்தால் நெஞ்சு நிறையும். அடுத்த மூச்சிலேயே அது நான் நிற்க வேண்டிய இடம் என்று தோன்றும்.

மூன்றாவது போட்டியில் நடுவர் நடுவே வந்து நின்று கையைக் காட்டி ஏதோ அறிவித்தார். அறுபத்தேழு என்றது மட்டும் அப்பாவுக்கு விளங்கியது. அது தம்பியின் இலக்கம். அப்பா கதிரையிலிருந்து எழும்பிவிட்டார்.

"கேட்டியளே, அவன்ரை நம்பரைச் சொல்லுறாங்கள்," என்று அம்மாவிடம் சொன்னார். கண் கலங்கியிருந்தது.

நான் பேசாமல் இருந்திருக்கலாம். அவர் சந்தோசப்பட்டுவிட்டு இருந்திருப்பார், ஒருவருக்கும் நட்டமில்லை.

"அது பிழை விட்டதுக்குச் சொல்லுறது, அப்பா," என்றேன். "எதிராளியைக் கையாலை பிடிச்சு இழுத்திட்டான். தண்டனை."

அவர் மெல்ல உட்கார்ந்தார். அன்றே, கடைசிக் கட்டத்தில், தம்பியின் இடது பாதம் பிந்தியது. எதிரணிக்காரன் அவனைச் சுற்றிக்கொண்டு போய் பந்தை எறிகிறவனை விழுத்தினான். பந்து சிதறி எதிரணியின் கைக்குப் போனது. அந்தக் கணம் எனக்குள் ஒரு சந்தோசம் வந்தது. மின்னல் மாதிரி வந்து போனது. ஆனால் வந்தது. நான் எழும்பிக் குசினிக்குப் போய்க் குழாயைத் திறந்து கையைக் கழுவினேன்.

அந்த வருடம்தான் டோஸ்ட்ருப் என்ற ஊரிலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளை, தாய், தகப்பன். சுவரில் தம்பி சீருடையோடு நிற்கும் பெரிய படம். வந்ததிலிருந்து கதை முழுக்க அவனைப் பற்றித்தான். மாப்பிள்ளையின் தாய் படத்துக்குக் கிட்டப் போய் நின்று, தம்பி எத்தனை கிலோ என்று கேட்டா. நூற்று முப்பத்தெட்டு என்று அம்மா சொன்னா. தங்கத்தின் நிறையைச் சொல்வதுபோல் சொன்னா. அந்தப் பெண்மணி ஆச்சரியப்பட்டு, நல்ல தேகம் என்று பாராட்டினா. பிறகு நான் தேத்தண்ணித் தட்டோடு வந்தேன். அவவுடைய கண் என் தோளிலிருந்து கீழே போய் மேலே வந்தது. நாலு நாள் கழித்து வந்த பதிலை அம்மா என்னிடம் சொல்ல விரும்பவில்லை. நான் வற்புறுத்திக் கேட்டேன். பிள்ளை நல்ல பிள்ளை, கொஞ்சம் பாரமான பிள்ளை என்று சொன்னார்களாம். நான் போய் அந்தப் படத்தைச் சுவரிலிருந்து கழற்றி, கட்டிலுக்குக் கீழே வைத்தேன். மறுநாள் வேலையிலிருந்து வந்தபோது அது பழைய இடத்தில் இருந்தது. 

அடுத்த கோடை விடுமுறைக்குத் தம்பி வந்தபோது ஹோர்சன்ஸில் எங்கள் ஆட்கள் ஒரு மண்டபம் எடுத்து அவனுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். போர்வை அவனுடைய தோளின் பாதியைத்தான் மூடியது. பேசச் சொன்னார்கள். டேனிஷில் பேசுவான் என்று நினைத்தேன். அவன் தமிழில் பேசினான், தடுக்கித் தடுக்கி.

"எல்லாரும் என்னைப் போ, போ எண்டு சொன்னவை. அக்கா மட்டும்தான் வா எண்டு சொன்னவா. எனக்காக ஒராள் வீட்டிலை பாத்துக்கொண்டு இருக்கிறா எண்டு தெரிஞ்சுது. அதாலைதான் நான் அங்கை நிண்டனான்."

சபை கைதட்டியது. முன்வரிசையில் இருந்தவர்கள் திரும்பி என்னைப் பார்த்துத் தலையாட்டினார்கள். அம்மா என் கையைப் பிடித்தா. நான் அந்தக் கைதட்டலை வாங்கிக்கொண்டு இருந்தேன். என் வாழ்க்கையில் எனக்காக ஒரு சபை கைதட்டியது அந்த ஒரு தடவைதான். அதுவும் நான் செய்த கேட்டுக்கு.

அதற்கு அடுத்த பருவத்தில் அவனுடைய குதிக்கால் தசைநார் அறுந்தது. யாரும் இடிக்கவில்லை. பயிற்சியின்போது பின்னுக்கு ஓர் அடி வைத்தான், துவக்கு வெடித்த சத்தம் மாதிரிக் கேட்டதாம். சத்திரசிகிச்சை செய்த பிறகு பார்க்க ஆள் வேண்டும். அம்மாவுக்கு இடுப்பை நிமிர்த்த முடியாத நாரி வருத்தம், அப்பாவுக்கு ஆங்கிலம் இல்லை. பராமரிப்பு படித்தவள் நான். மூன்று கிழமை லீவு எடுத்துக்கொண்டு போனேன். அவனுடைய விளையாட்டைப் பார்க்க ஒருமுறையும் போகாதவள், அவன் விழுந்த பிறகு போனேன்.

அவனுடைய வீட்டில் சாமான்கள் குறைவு. ஒரு பெரிய கட்டில், ஒரு தொலைக்காட்சி, அணியின் சமையல்காரர் கொடுத்துவிட்ட சாப்பாட்டுப் பெட்டிகள் நிறைந்த குளிர்சாதனப் பெட்டி. இரண்டாம் நாள் அவனோடு முன்வரிசையில் நிற்கும் நாலு பேர் அவனைப் பார்க்க வந்தார்கள். ஒவ்வொருவராக உள்ளே வர வாசல் இருண்டது. கதிரைகளை நம்பாமல் நிலத்தில் உட்கார்ந்தார்கள். அவர்களில் ஒருவன் நொண்டி நொண்டி வந்தான். கோழி இறைச்சியும் பாணும் கொண்டுவந்து, எனக்குப் பெரிய தட்டு நிறையப் போட்டுக் கொடுத்தார்கள். என்னைப் பார்த்து எவரும் கண்ணைக் கீழே கொண்டுபோய் மேலே கொண்டுவரவில்லை. அந்த அறையில் நான் சிறியவள். முப்பத்தொரு வயதில் முதல் தடவையாக ஓர் அறையில் நான் சிறியவளாக இருந்தேன். தம்பிக்கு இது ஒவ்வொரு நாளும் கிடைத்திருக்கிறது என்று நினைத்தேன். அவனுடைய சம்பளத்துக்கும் பெயருக்கும் மேலாக அதற்குத்தான் எனக்கு வயிறு எரிந்தது.

போகிற நேரத்தில் தம்பி அவர்களிடம் என்னைக் காட்டி, வா என்று சொன்ன அக்கா இவதான் என்றான். ஒருவன் குனிந்து என்னைக் கட்டிப்பிடித்தான். அவர்கள் போன பிறகு எனக்குத் தாங்கவில்லை. அவனுடைய காலைத் தலையணையில் உயர்த்திவைத்துவிட்டு, கட்டில் ஓரத்தில் இருந்து தமிழில் சொன்னேன்.

"நான் உன்னை வா எண்டு சொன்னது உனக்காக இல்லை. நீ தோத்துப்போய் வரவேணும் எண்டு நினைச்சுத்தான் சொன்னனான்."

அவன் முதலில் எனக்குச் சரியான சொல் வரவில்லை என்று நினைத்திருக்க வேண்டும். டேனிஷில் சொல்லச் சொன்னான். டேனிஷிலும் அதையே சொன்னேன். ஏன் என்று கேட்டான்.

"உன்னை விளையாட விட்டினம். என்னை விடேல்லை."

"நீ ஹேண்ட்பால் அலுத்துப்போய் விட்டதெண்டெல்லோ அம்மா சொன்னவா."

"அப்பா கையெழுத்துப் போடேல்லை."

அந்தக் கடதாசி வந்தபோது அவனுக்கு ஒன்பது வயது. அவனுக்கு எப்படித் தெரியும். இவ்வளவு வருடமும் அவன் தெரிந்துகொண்டுதான் என் முன்னால் சாப்பிடுகிறான், விளையாடுகிறான் என்று நான் நினைத்திருந்தேன். அவன் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டான். இரண்டு நாள் தண்ணி, மாத்திரை, ஊன்றுகோல் என்பதற்கு மேல் ஒரு கதையும் இல்லை. நான் என் வேலையைச் செய்தேன். மூன்றாம் நாள், குளிக்கிற கதிரையில் இருத்தித் தலைக்குத் தண்ணி வார்த்துக்கொண்டிருந்தபோது, இப்பவும் அப்பிடி நினைக்கிறியா என்று கேட்டான். சிலவேளை என்றேன்.

அவன் அந்த நொண்டி நடந்தவனைப் பற்றிச் சொன்னான். அவனுடைய முழங்கால் முறிந்தபடியால்தான் தனக்கு இடம் கிடைத்தது. ஒன்றரை வருடம் அவனுக்குப் பின்னால் நின்று, அவன் எப்போது விழுவான் என்று தான் பார்த்துக்கொண்டிருந்ததாகச் சொன்னான். அதை டேனிஷில் சொல்லிக்கொண்டு வந்தவன் கடைசியில் தமிழுக்கு மாறினான்.

"அவன் விழேக்கை எனக்குச் சந்தோசம் வந்தது. ஒரு செக்கன். பிறகு வெக்கம். நான் அவனுக்கு இன்னும் சொல்லேல்லை. நீ எனக்குச் சொன்னாய்."

நான் அவனுடைய தலையைத் துவட்டினேன். அவன் என்னை மன்னித்தானா என்று நான் கேட்கவில்லை. அவனும் சொல்லவில்லை. மிச்சமிருந்த நாட்களில் அவனுடைய பழைய போட்டிகளின் வீடியோக்களைச் சேர்ந்து பார்த்தோம். இடது பாதம் பிந்துவதை நான் காட்டினேன். எப்ப தொடக்கம் தெரியும் என்று கேட்டான். உடுப்புக் கொடிக் காலத்திலிருந்து என்றேன். அவன் என்னை நீண்ட நேரம் பார்த்தான். பிறகு வீடியோவை மறுபடி ஓடவிட்டான்.

கால் தேறியது, ஆனால் பழைய வேகம் திரும்பவில்லை. அடுத்த பருவம் தொடங்கும் முன் அணி அவனை விடுவித்தது. ஐந்து நிமிடக் கதையாம், கையில் ஒரு பிளாஸ்டிக் பையில் சப்பாத்துக்களோடு வெளியே வந்தானாம். ஜெர்மனியில் ஒரு வருடம் விளையாடினான். பிறகு பெட்டியோடு ஹோர்சன்ஸில் வந்து இறங்கினான். நான் ஒரு காலத்தில் ஆசைப்பட்டபடியே. எனக்கு எந்தச் சந்தோசமும் வரவில்லை. வராததும் ஏமாற்றமாக இருந்தது.

வந்த முதல் மாதம், ஒரு ஞாயிறு மத்தியானச் சாப்பாட்டில், ஒருவரும் எதிர்பாராமல் அவன் அப்பாவிடம் என்னுடைய ஹேண்ட்பால் கடதாசியைப் பற்றிக் கேட்டான். நான் அவனைக் கேட்கச் சொல்லவில்லை. அப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். மறந்துவிட்டார் என்றுதான் நினைத்தேன்.

"அந்த நேரம் சனத்துக்குப் பயந்தனான்," என்றார். பிறகு என்னைப் பார்க்காமல், "அந்தப் பொம்பிளை திரும்பவும் ஒருக்கா வேலையிடத்துக்கு வந்து என்னைக் கேட்டவ. நான் உனக்குச் சொல்லேல்லை," என்றார்.

அந்தப் பயிற்சியாளர் இரண்டாம் தரமும் வந்தது எனக்கு அன்றுவரை தெரியாது. அந்த ஒரு செய்தியை நான் பல மாதம் மனதுக்குள் வைத்துக்கொண்டு திரிந்தேன். எனக்காக ஒருத்தி இரண்டு தரம் கேட்டிருக்கிறாள்.

தம்பி நிறையைக் குறைத்தான். விளையாட்டை விட்ட முன்வரிசைக்காரர்கள் எல்லாரும் குறைக்க வேண்டும், இல்லாவிட்டால் இருதயம் தாங்காது. ஒரு வருடத்தில் நாற்பது கிலோ இறங்கினான். கொண்டாட்டங்களில் கண்டவர்களெல்லாம் அவனைப் பிடித்து வைத்துக்கொண்டு புகழ்ந்தார்கள். எப்படித் தம்பி குறைச்சனீங்கள், அக்காவுக்கும் சொல்லிக் குடுங்கோவன் என்றார்கள். கூட்டினாலும் அவனுக்குப் புகழ், குறைத்தாலும் அவனுக்குப் புகழ்.

பிசியோதெரபி படிக்க இடம் கிடைக்கும்வரை ஒரு வேலை தேவைப்பட்டது. எங்கள் முதியோர் இல்லத்தில் உதவியாளர் இடம் ஒன்று இருந்தது. நான்தான் எடுத்துக் கொடுத்தேன். முதல் நாள், கட்டிலிலிருந்து ஓர் ஐயாவைத் தனிய இரண்டு கையாலும் தூக்கக் குனிந்தான். நான் நிறுத்தினேன். இங்கே ஆட்களைக் கையால் தூக்கக் கூடாது, கூரையில் ஓடுகிற தூக்கு இயந்திரத்தால்தான் தூக்க வேண்டும் என்று மற்றவர்கள் கேட்கும்படி சொன்னேன். அவன், "சரி அக்கா," என்றான். தூக்குப் பட்டியை எப்படி மாட்டுவது என்று குனிந்து நின்று என்னிடம் படித்தான். அன்று முழுக்க நான் நல்ல சந்தோசமாக இருந்தேன்.

அது இரண்டு கிழமைகூட நிலைக்கவில்லை. பதினோராம் அறையில் ஓர் அம்மா இருக்கிறா. தொண்ணூறு வயது. நாலு வருடமாக நான் அவவுக்குக் குளிக்க வார்த்து, தலை சீவி, கால்மேசு போட்டுவிட்டிருக்கிறேன். ஒருநாளும் என் பெயரைக் கேட்டதில்லை. ஒரு வியாழக்கிழமை காலை நான் கதவைத் திறந்ததும், மற்றவர் எங்கே என்று கேட்டா. தம்பிக்கு இன்று லீவு என்றேன். ஓ என்று முகத்தைத் திருப்பிக்கொண்டா. நான் திரைச்சீலையை வழமையை விடக் கொஞ்சம் வேகமாக இழுத்தேன்.

இந்த ஆவணியில் அவனுக்குப் படிப்புத் தொடங்குகிறது. வேலையை விடப்போவதாகச் சாப்பாட்டு இடைவேளையில் வந்து சொன்னான். முதலில் எனக்கு நிம்மதிதான் வந்தது. நல்லது, போ என்றேன். பிறகு அவன் போகும்வரை மிச்சமிருந்த கிழமைகளுக்கு, என் பொறுப்பிலிருக்கிற வேலை அட்டவணையைப் போட உட்கார்ந்தபோது, என்னையறியாமல் எங்கள் இருவரையும் ஒரே நேர வேலையில் போட்டிருப்பதைக் கண்டேன். மாற்றலாமா என்று யோசித்தேன். மாற்றாமல் அச்சடித்துப் பலகையில் குத்தினேன்.